ஒன்று இரண்டாகும் கணக்கு: பாலில் கிருமிகள் பெருகும் விதம்

காலையில் கறந்த பால் பிற்பகலுக்குள் திரிந்துபோவதைக் கண்டறியாத குடும்பம் கிராமத்தில் இராது. பால் ஏன் திரிந்தது என்று வினவினால், வெயிலின் கொடுமை என்பர் சிலர். மாட்டுக்கு வைத்த தீனி என்பர் வேறு சிலர். கண்ணேறு என்று சொல்வாரும் உளர். வெயில் இதற்குத் துணைக் காரணமே. முதற் காரணம், கண்ணுக்குப் புலப்படாத கிருமிகள் பாலிற் புகுந்து பெருகுவதேயாகும். அக்கிருமிகள் பெருகும் முறை மிக எளியது. ஒன்று நீண்டு, நடுவே ஒடுங்கி, இரண்டாகப் பிளந்துவிடுகிறது. ஆணுமில்லை, பெண்ணுமில்லை, முட்டையுமில்லை, கருவுமில்லை. இவ்வெளிய செயலை நன்கு அறிந்துகொண்டால், பால் சங்கத்து அங்கத்தினர் கைக்கொள்ள வேண்டிய ஒழுங்குகள் ஒவ்வொன்றுக்கும் காரணம் தானே விளங்கும். சங்கம் திருப்பி அனுப்பிய பாலுக்கு விலை கிடையாது. ஆதலின் இது குடும்பத்தின் வருமானத்தையும், அப்பாலை உண்ணும் குழந்தைகளின் உடல்நலத்தையும் பற்றிய விஷயமாகும்.

கிருமி என்பது யாது?

மனித உடலும், மாட்டின் உடலும், வேப்பமரமும் எண்ணிறந்த சிறு அறைகளால் ஆனவை. இவ்வறைகளை உயிரணுக்கள் என்பர். பால் கிருமியோ ஒரே ஓர் உயிரணுவால் ஆனது. உண்பதும், வளர்வதும், கழிவை வெளியேற்றுவதும், இனம் பெருக்குவதும் அந்த ஓர் அறைக்குள்ளேயே நடைபெறுகின்றன. குடலில் வாழ்வதும், சாணத்தின் வழியாகப் பாலிற் கலப்பதுமான ஈ. கோலி என்னும் கிருமியை உதாரணமாகக் கொள்வோம். 1885-ஆம் வருஷத்தில் எஷெரிக் என்னும் மருத்துவர் இதனை விவரித்தார். ஒரு மில்லிமீட்டர் நீளத்துக்குள் இக்கிருமிகளில் சுமார் 500-ஐ வரிசையாகப் படுக்க வைக்கலாம். இதனினின்று இதன் சிறுமையை ஊகித்துக்கொள்ளலாம்.

இத்தகைய சிற்றுயிர்களைக் கண்டு உலகுக்கு முதலில் அறிவித்தவர் ஹாலந்து தேசத்தில் டெல்ஃப்ட் நகரத்துத் துணி வியாபாரியான லேவன்ஹூக் என்பவர். அவர் தாமே தேய்த்துச் செய்த கண்ணாடிகளைக்கொண்டு நீர்த்துளிகளைச் சோதித்து, தாம் கண்டவற்றை 1676-ஆம் வருஷத்தில் லண்டன் ராயல் சொஸைட்டிக்கு எழுதினார். ஆயினும் அவை எவ்வாறு பெருகுகின்றன என்பது நூறு வருஷ காலம் வழக்காகவே இருந்தது.

வழக்குத் தீர்ந்த வரலாறு

அழுகும் பொருளினின்று அவை தாமே தோன்றுகின்றன என்றனர் பலர். சில சமயங்களில் இரண்டு சிற்றுயிர்கள் ஒன்றோடொன்று ஒட்டியிருக்கக் கண்டவர்கள், அவை இணை சேர்கின்றன என்று முடிவு செய்தனர். ஜெனீவாவைச் சேர்ந்த டி ஸோஸூர் என்பவர், "இணை சேரவில்லை, ஒன்றே இரண்டாகப் பிரிகிறது" என்ற கருத்தை வெளியிட்டார். இங்கிலாந்தைச் சேர்ந்த எல்லிஸ் இதனை மறுத்து, ஒன்றன்மேல் ஒன்று மோதுவதால் தற்செயலாக அவ்வாறு துண்டாகின்றன என்றார்.

இவ்வழக்கைத் தீர்த்தவர் இத்தாலி தேசத்து ஸ்பல்லன்ஸானி. அவர் செய்த சோதனை எளிமையில் சிறந்தது. கண்ணாடித் தகட்டின்மீது சிற்றுயிர்கள் நிறைந்த ஒரு துளியையும், அதனருகில் சுத்த நீர்த்துளி ஒன்றையும் வைத்தார். ஊசியால் ஒரு துளியினின்று மற்றதற்கு மெல்லிய வாய்க்கால் ஒன்று இழுத்தார். ஒரே ஒரு சிற்றுயிர் அவ்வழியே சுத்த நீருக்குள் நீந்திச் சென்றதும், வாய்க்காலைத் துடைத்துவிட்டார். இப்பொழுது அத்துளியில் மோதுவதற்கும் இணை சேர்வதற்கும் வேறொன்று கிடையாது. அவர் கண் பார்த்துக்கொண்டிருக்கையிலேயே அந்த ஒன்று நடுவில் ஒடுங்கி இரண்டாயிற்று. பின்னர் இரண்டும் நான்காயின. இவ்வாராய்ச்சிகளை அவர் 1776-இல் நூலாக வெளியிட்டார். அவர் கண்டவை பால் கிருமியைவிடப் பன்மடங்கு பெரிய, தேங்கிய நீரில் வாழும் ஓரணு உயிர்கள். ஆயினும் அதே விதி பால் கிருமிக்கும் பொருந்துமென்பது பிற்காலத்தில் உறுதியாயிற்று. பால் புளிப்பதற்கு உயிருள்ள கிருமிகளே காரணம் என்று 1857-இல் காட்டியவர் பிரான்ஸ் தேசத்துப் பாஸ்டர் ஆவார்.

பிளவு நிகழும் விதம்

நிலபுலன்களைச் சகோதரர் இருவர் பாகம் பிரித்துக்கொண்டால் ஒவ்வொருவருக்கும் பாதியே கிடைக்கும். மறுபடி பிரித்தால் காற்பங்காகும். கிருமியும் அவ்வாறே பிரிந்துகொண்டு போகுமாயின், சில தலைமுறைகளில் ஒன்றுமில்லாது தேய்ந்தொழியும். அங்ஙனம் ஆகாமைக்குக் காரணம், பிரிவதற்கு முன்னரே அது சொத்தை இரட்டிப்பதும், பத்திரத்தை முழுமையாக நகல் எடுத்துக்கொள்வதுமாகும்.

முதலாவது, கிருமி சுற்றிலுமுள்ள உணவை உறிஞ்சி, ஏறக்குறைய இருமடங்கு நீளம் வளர்கிறது.

இரண்டாவது, அதனுள் டி.என்.ஏ. என்னும் நுண்ணிழை ஒன்று வளையமாகச் சுருண்டு கிடக்கிறது. கிருமியின் உடலமைப்பும் தொழில்களும் அனைத்தும் இவ்விழையில் எழுத்துக்கள் போல் பதிந்துள்ளன. ஈ. கோலியில் இவ்வெழுத்துக்கள் சுமார் 46 லட்சம். இழையை நீட்டினால் கிருமியின் நீளத்தைப் போல் பல நூறு மடங்கு, அதாவது ஒன்றரை மில்லிமீட்டருக்கு மேல் வரும். பிளவுக்கு முன் இவ்விழை முழுவதும் எழுத்துக்கு எழுத்து நகல் செய்யப்படுகிறது. மூலம் ஒரு பக்கமும் நகல் மறுபக்கமும் போவதில்லை என்பது வியப்பு. இழை இரண்டு புரிகளால் ஆனது. ஒவ்வொரு புதிய இழையிலும் ஒரு பழைய புரியும் ஒரு புதிய புரியும் அமைகின்றன.

மூன்றாவது, இரண்டு இழைகளும் இரு புறங்களுக்கு விலகியபின், கிருமியின் சரிநடுவில் உட்புறமாக ஒரு வளையம் தோன்றுகிறது. எஃப்.டி.எஸ். இசட் என்னும் புரதப் பொருளால் இவ்வளையம் ஆவதை 1991-இல் கண்டறிந்தனர். சாக்கின் வாயைச் சுருக்குக் கயிறு இறுக்குவதுபோல் இவ்விடம் சுருங்கிவர, வெளிச்சுவரும் உள்நோக்கி வளர்ந்து நடுவே தடுப்பாகிறது.

நான்காவது, அத்தடுப்பு இரண்டாகப் பிரிந்து இரு கிருமிகளும் தனித்தனியாகின்றன. இவற்றில் தாய் எது, சேய் எது என்று சொல்ல இயலாது. தாய் இறந்துபடவுமில்லை, தாயாக எஞ்சியிருக்கவுமில்லை.

உணவும் வெப்பமும் தக்கவாறு அமைந்தால் ஈ. கோலிக்கு இவையனைத்தும் நிறைவேற 20 நிமிஷம் போதும். ஆனால் அதன் இழையை ஒருமுறை நகல் எடுக்கவே சுமார் 40 நிமிஷம் ஆகிறது. நாற்பது நிமிஷ வேலை இருபது நிமிஷத்தில் முடிவது எங்ஙனம்? முதல் நகல் முடியுமுன்னரே, அதன்மேல் அடுத்த நகலும் தொடங்கிவிடுகிறது. அதாவது, பிறக்கும் கிருமி தன் பேரப்பிள்ளைகளுக்குரிய பத்திரத்தையும் பாதி எழுதிய நிலையில் சுமந்தே பிறக்கிறது.

எல்லாக் கிருமிகளும் பிரிந்த பின் விலகிச் செல்வதில்லை. பாலைப் புளிக்கவைக்கும் சில உருண்டைக் கிருமிகள் ஒரே திசையில் பிளந்து, பிளந்தவை ஒட்டிக்கொண்டே இருப்பதால் மணிமாலைபோல் தோன்றும். பல திசைகளில் பிளப்பவை திராட்சைக் குலைபோல் கூடியிருக்கும். குளத்துச் சேற்றில் வாழும் அமீபாவுக்கு உட்கரு ஒன்றுண்டு. அங்கே முதலில் உட்கரு இரண்டாகிப் பின்னரே உடல் பிளக்கும். கள்ளில் நுரை எழுப்பும் ஈஸ்டு மட்டும் சரிபாதியாகப் பிளவாமல், பக்கத்தில் சிறு மொட்டு அரும்பி அதனை உதிர்க்கின்றது.

வட்டிக்கு வட்டி

நூற்றுக்கு 12 வீதம் கூட்டு வட்டிக்கு வாங்கிய கடன் ஆறு வருஷத்துக்குச் சற்று மேல் இரட்டிக்கும். அதன் கொடுமையை நம் குடியானவர் நன்கு அறிவர். கிருமியின் கூட்டு வட்டியோ 20 நிமிஷத்துக்கு ஒருமுறை இரட்டிப்பது. ஒரே ஒரு கிருமி 1 மணி நேரத்தில் 8 ஆகும்; 2 மணியில் 64; 3 மணியில் 512; 4 மணியில் 4,096; 6 மணியில் 2,62,144; 8 மணியில் 1,67,77,216. முதல் இரண்டு மணி நேரம் பார்த்தவர், "அறுபத்து நான்குதானே" என்று அலட்சியமாயிருப்பர். கூட்டு வட்டியின் சூழ்ச்சி அதுவே. தொடக்கத்தில் ஊர்ந்து, முடிவில் பாயும்.

இவ்வாறே தடையின்றி ஒரு நாள் முழுவதும் நடந்தால், அந்த ஒரு கிருமியின் சந்ததி ஆயிரக்கணக்கான டன் எடையாகிவிடும் என்று கணக்குக் காட்டுகிறது. உலகில் அப்படி நிகழ்வதில்லை. உணவு தீர்ந்துபோகும், கிருமிகள் வெளியிடும் அமிலம் அவற்றையே தடுக்கும். பாலில் உள்ள சர்க்கரையைத் தின்று கிருமிகள் உண்டாக்கும் லாக்டிக் அமிலமே புளிப்பு. அப்புளிப்பு மிகுந்தால் பால் கட்டியாகும், பெருக்கமும் ஓயும். எனவே பால் திரிந்திருப்பதைக் கண்ணால் காணும்போது, கிருமிகள் தம் வேலையைப் பெரும்பாலும் முடித்துவிட்டன என்றே கொள்ளவேண்டும்.

அங்கத்தினர் கவனிக்கத்தக்க கணக்குகள்

பாலில் கிருமி அரை மணிக்கு ஒருமுறை இரட்டிப்பதாக வைத்துக்கொள்வோம். சுத்தமாகக் கறந்த பாலில் ஒரு மில்லிலிட்டருக்கு 1,000 கிருமிகளும், கழுவாத பாத்திரத்தில் கறந்த பாலில் 1,00,000 கிருமிகளும் இருப்பதாகக் கொள்வோம். மூன்றரை மணி நேரத்தில் ஏழு பிளவுகள். சுத்தமான பாலில் இப்பொழுது 1,28,000 ஆகும். அதாவது அசுத்தமான பால் தொடக்கத்தில் இருந்த நிலையை இது மூன்றரை மணி கழித்தே அடைகிறது. அசுத்தமான பாலிலோ அதற்குள் 1,28,00,000 ஆகிவிடும். மடியைக் கழுவித் துடைப்பதும், முதல் இரண்டொரு பீச்சுப் பாலைத் தனியே விடுவதும், பாத்திரத்தை வெந்நீரில் கழுவி வெயிலில் கவிழ்த்து உலர்த்துவதும் நமக்கு மூன்றரை மணி நேரத்தைச் சம்பாதித்துத் தருகின்றன.

இரண்டாவது கணக்கு, கலப்புப் பாலைப் பற்றியது. 1904-ஆம் வருஷத்துச் சட்டத்தின்கீழ் அமைந்த கிராம நாணயச் சங்கங்களில், ஒருவர் கடனுக்கு அங்கத்தினர் யாவரும் வரையறையற்ற பொறுப்பு ஏற்றிருந்தனர். பால் சங்கத்துக் கேனிலும் அத்தகைய கூட்டுப் பொறுப்பு ஒன்று உண்டு. அது சட்டத்தால் வந்ததன்று, இயற்கையால் வந்தது. நாற்பது லிட்டர் கேனில் ஒரு லிட்டர் கெட்ட பால் கலந்தால், "நாற்பதில் ஒரு பங்குதானே" என்று தோன்றும். ஆனால் ஆறு பிளவுகளில், அதாவது மூன்று மணி நேரத்தில், அக்கிருமிகள் 64 மடங்காகும். கேன் முழுவதும் அந்த ஒரு லிட்டர் இருந்த நிலையைக் கடந்துவிடும். ஒருவருடைய சோம்பலுக்கு முப்பத்தொன்பது பேர் நஷ்டமடைவர்.

மூன்றாவது, குளிரைப் பற்றியது. புதிதாகக் கறந்த பாலுக்கே முதல் இரண்டு மூன்று மணி நேரம் கிருமியை ஓரளவு தடுக்கும் இயற்கைத் திறன் உண்டு. அந்நேரத்துக்குள் பால் குளிரூட்டும் நிலையத்தை அடையவேண்டும். 4 டிகிரிக்குக் குளிர்ந்த பாலில் பெரும்பாலான கிருமிகளின் பிளவு ஏறக்குறைய நின்றுவிடுகிறது. ஆனால் குளிர் கிருமியைக் கொல்வதில்லை. வட்டி ஏறாமல் நிறுத்திவைக்கிறதேயன்றி அசலைத் தள்ளுபடி செய்வதில்லை. குளிரிலும் மெல்லப் பெருகும் கிருமிகள் சிலவும் உண்டு.

நான்காவது, காய்ச்சுதலைப் பற்றியது. பாலை 63 டிகிரியில் அரை மணி நேரமோ, 72 டிகிரியில் 15 விநாடியோ சூடாக்கினால் நோய்க் கிருமிகள் அழிகின்றன. பாஸ்டர் பெயரால் வழங்கும் முறை இதுவே. வீட்டில் பொங்கக் காய்ச்சினாலும் இப்பயன் கிட்டும். எனினும் சில கிருமிகள் தடித்த உறை போர்த்த வித்தாகி உறங்கும் வல்லமை உடையவை. இதனை 1876-இல் ஜெர்மானியரான கோன் விளக்கினார். இவ்வித்து கொதிநிலையையும் தாங்கி, பால் ஆறியதும் விழித்துப் பிளக்கத் தொடங்கும். ஆதலின் காய்ச்சிய பாலையும் நெடுநேரம் வெதுவெதுப்பாக வைத்திருத்தல் தவறு.

ஐந்தாவது, சோடா உப்பைப் பற்றியது. புளிப்பு ஏறத் தொடங்கிய பாலில் சிலர் சிறிது சோடா உப்பைச் சேர்த்து மறைக்கின்றனர். இது வஞ்சகம் என்பது ஒருபுறமிருக்க, பெரும் அறியாமையுமாகும். புளிப்புத்தான் கிருமியின் பெருக்கத்துக்கு இயற்கை இட்ட கடிவாளம். சோடா உப்பு அக்கடிவாளத்தை அவிழ்த்துவிடுகிறது. நாக்குக்குப் பால் நல்லதாய்த் தோன்றும். உள்ளே பிளவு முன்னிலும் தாராளமாக நடைபெறும்.

இவ்வேமாற்றத்தை மெதிலீன் நீலச் சாயச் சோதனை வெளிப்படுத்திவிடும். சாயம் கலந்த பாலைச் சுமார் 37 டிகிரியில் வைத்தால், கிருமிகள் பிராணவாயுவைச் செலவிட, நீலம் வெளுக்கும். ஐந்து மணி நேரத்துக்கு மேல் நீலம் நிற்கும் பச்சைப் பால் மிக நல்லது. அரை மணிக்குள் வெளுப்பது மிக மட்டமானது.

பெருக்கத்தால் விளையும் நன்மை

பிளவைப் பகையென்றே எண்ணவேண்டுவதில்லை. இரவில் வெதுவெதுப்பான பாலில் ஒரு கரண்டி மோரை உறையாக ஊற்றிவிட்டுக் காலையில் தயிர் எடுக்கும் பெண்மணி, இக்கணக்கைத் தன் நன்மைக்குப் பயன்படுத்துகிறாள். நல்ல கிருமிகளை ஏராளமாக முதலில் விதைத்துவிடுவதால், அவை முந்திப் பெருகிப் புளிப்பேற்றி, தீய கிருமிகளுக்கு இடமில்லாது செய்கின்றன. பால் மிகச் சூடாயிருந்தால் உறைக் கிருமி மடியும். மிகக் குளிர்ந்திருந்தால் பிளவு தாமதிக்கும். உறை ஊற்றும் பக்குவம் என்பது இதுவே.

சில சமயம் எவ்வளவு பக்குவமாக உறை ஊற்றியும் தயிர் தோய்வதில்லை. மடிநோய்க்குப் பென்ஸிலின் ஊசி போட்ட மாட்டின் பாலில் இது நேரக்கூடும். 1928-இல் ஃபிளெமிங் கண்டறிந்த இம்மருந்து, பிளவுக்கு வேண்டிய சுவரைக் கட்டவொட்டாமல் கெடுக்கிறது. கட்டாத சுவருடன் வளரும் கிருமி வெடித்து மடியும். மருந்து எது நோய்க் கிருமி, எது உறைக் கிருமி என்று பார்ப்பதில்லை. ஆகவே கால்நடை மருத்துவர் குறித்த நாட்கள் கழியும்வரை அத்தகைய பாலைச் சங்கத்தில் ஊற்றலாகாது.

இதில் இன்னொரு அபாயமும் உண்டு. நகல் எழுதுவோன் எவ்வளவு கவனமுடையவனாயினும் எங்கோ ஒரு பிழை நேரும். ஈ. கோலியில் சுமார் ஆயிரம் பிளவுக்கு ஒரு பிழை நேர்கிறது. பிழைகளிற் பெரும்பாலானவை பயனற்றவை. ஆனால் கோடிக்கணக்கான பிளவுகளில் ஏதோ ஒரு பிழை கிருமிக்கு மருந்தைத் தாங்கும் வல்லமையைத் தந்துவிடலாம். மருந்தைப் பாதியில் நிறுத்தினால் அக்கிருமி தப்பிப் பிளக்கும். பின்னர் அதன் சந்ததி முழுவதும் மருந்துக்கு அடங்காது. மருத்துவர் சொன்ன நாள்வரை மருந்து கொடுக்கவேண்டும் என்பதன் நியாயம் இதுவே.

எல்லாக் கிருமிகளும் விரைந்து பிளப்பவையல்ல. க்ஷயரோகக் கிருமி ஒருமுறை பிளக்கச் சுமார் 20 மணி நேரம் ஆகும். குஷ்டரோகக் கிருமிக்கு இரண்டு வாரத்துக்குச் சற்றுக் குறைவாகும். அதனாற்றான் அந்நோய்கள் நெடுங்காலம் மறைந்திருந்து வெளிப்படுகின்றன. அவற்றுக்கு மாதக்கணக்கில் மருந்துண்ண வேண்டியிருக்கிறது. மாட்டின் க்ஷயரோகம் காய்ச்சாத பாலின் வழியாக மனிதருக்கும் வரக்கூடுமாதலால், பச்சைப் பால் பருகுதல் கூடாது.

முடிவுரை

மேற்கூறியவற்றின் சாரம் இரண்டே. கிருமியை முதலில் சிறிதளவே புகவிடுதல் ஒன்று; புகுந்த கிருமிக்குப் பிளக்க நேரம் கொடாமை மற்றொன்று. முன்னது சுத்தத்தால் கைகூடும். பின்னது விரைவாலும் குளிராலும் கைகூடும். இரண்டுக்கும் பெரும் பணம் வேண்டுவதில்லை. வெந்நீரும், சுத்தமான துணியும், குறித்த நேரத்தில் சங்கத்துக்குப் பாலைக் கொண்டுசேர்க்கும் வழக்கமுமே போதும். சங்கங்களின் காரியதரிசிகள் இக்கணக்கை அங்கத்தினர் கூட்டத்தில் கரும்பலகையில் எழுதிக் காட்டினால், படியாதவரும் எளிதில் விளங்கிக்கொள்வர். ஏனெனில் ஒன்று இரண்டாகி, இரண்டு நான்காகும் கடனை அறியாத குடியானவர் நம் நாட்டில் இலர்.